படித்த பெண், பழைய ஒப்பந்தம்

கேள்வி இதுதான்: கல்வி ஒவ்வொரு முஸ்லிமுக்கும் கடமை என்று நபிமொழியே சொல்கிறது. அப்படியிருக்க முஸ்லிம் சமூகங்களில் பெண்களை ஏன் படிக்க விடுவதில்லை? படித்த பிறகும் அவர்கள் ஏன் வீட்டோடு நின்றுவிடுகிறார்கள்? காரணம் மதமா, ஆண்களா?

இதில் முதல் பாதி பெரும்பாலும் காலாவதியாகிவிட்ட கேள்வி. இரண்டாம் பாதிதான் இன்றைக்கு உயிரோடு இருப்பது. "மதமா, ஆண்களா" என்பதற்கு ஒற்றைச் சொல்லில் பதில் கிடையாது. ஆனால் எங்கே பார்க்க வேண்டும் என்று சொல்ல முடியும். பள்ளிக்கூட வாசலில் பார்த்தால் பாதிதான் தெரியும். திருமணச் சட்டத்தையும் சேர்த்துப் பார்க்க வேண்டும்.

முதலில் அந்தக் காலாவதியான பாதி. பெண் பிள்ளைகள் ஆறாம் வகுப்புக்கு மேல் படிக்கக் கூடாது என்று அரசே தடை போட்டிருக்கும் நாடு இன்று உலகில் ஒன்றே ஒன்றுதான், ஆப்கானிஸ்தான். அதற்குக் கடைசியில் வருகிறேன். துனிசியா, அல்ஜீரியா, மலேசியா நாடுகளின் பல்கலைக்கழகங்களில் ஆண்களைவிடப் பெண்களே அதிகம். கஜகஸ்தான், உஸ்பெகிஸ்தான் பக்கம் போனால் எழுத்தறிவில் ஆண் பெண் வித்தியாசமே இல்லை. அது சோவியத் காலத்து வேலை. ஈரானில் பல்கலைக்கழகத்துக்குத் தேர்வானவர்களில் பெண்கள் 60 சதவீதத்தைத் தாண்டிய காலம் உண்டு. அதைப் பார்த்து மிரண்டுதான் 2012-ல் 36 பல்கலைக்கழகங்கள் 77 படிப்புகளின் கதவைப் பெண்களுக்கு மூடின.

பின்தங்கிய இடங்கள் இல்லாமல் இல்லை. நைஜர், சாட், மாலி, யேமன், நைஜீரியாவின் வட பகுதி, பாகிஸ்தானின் பலுசிஸ்தான். இங்கெல்லாம் பொதுவாக இருப்பவை வறுமை, பள்ளிக்கும் வீட்டுக்கும் உள்ள தூரம், ஓயாத சண்டை. பையன்களும் படிக்காத இடங்கள்தான் இவை. அதற்காக எல்லாவற்றையும் வறுமையின் தலையில் கட்டிவிடவும் கூடாது. காசு பற்றாதபோது மகனை நிறுத்துவதா, மகளை நிறுத்துவதா என்று வீட்டில் ஒரு முடிவு எடுக்கிறார்கள் இல்லையா, அந்த முடிவில் வறுமை மட்டும் பேசுவதில்லை. நைஜீரியாவின் சிபோக் பள்ளியிலிருந்து 2014-ல் போகோ ஹராம் தீவிரவாதிகள் 276 மாணவிகளைக் கடத்திக்கொண்டு போனதையும் வறுமைக் கணக்கில் எழுத முடியாது.

வரலாற்றுக்குள் போனால் நம்மில் பலரும் ஒரு வழக்கமான பாதையில் போவோம். நபிகளாரின் துணைவி ஆயிஷா இரண்டாயிரத்துக்கும் மேற்பட்ட ஹதீஸ்களை, அதாவது நபிமொழிகளை, அறிவித்தவர். 11-ஆம் நூற்றாண்டில் மக்காவில் கரீமா அல் மர்வஸிய்யா என்ற பெண்ணிடம் புகாரியின் ஹதீஸ் தொகுப்பைக் கேட்டு ஓத அறிஞர்கள் தேடி வந்தார்கள். கெய்ரோவின் அஸ்ஸகாவீ 15-ஆம் நூற்றாண்டு மனிதர்களைப் பற்றித் தொகுத்த அகராதியின் கடைசித் தொகுதி முழுவதும் பெண்களுக்கே, ஆயிரத்துக்கும் மேற்பட்டவர்கள். எல்லாம் உண்மை. நம் காலத்தில் அக்ரம் நத்வி என்ற அறிஞர் பெண் ஹதீஸ் அறிஞர்களின் வாழ்க்கைக் குறிப்புகளை மட்டும் திரட்டி அரபியில் 43 தொகுதிகளாக வெளியிட்டார்.

இந்தப் பட்டியலை மேடையில் வாசித்துக் கைதட்டல் வாங்கிவிட்டு இறங்கிவிடுவதில்தான் எனக்குச் சங்கடம். இந்தப் பெண்களில் பெரும்பாலோர் அறிஞர் குடும்பங்களில் பிறந்தவர்கள். தகப்பனோ பாட்டனோ மடியில் உட்காரவைத்துச் சொல்லிக்கொடுத்தார். அவர்கள் ஹதீஸ் அறிவித்தார்கள், சான்று கொடுத்தார்கள். ஆனால் காழி என்ற நீதிபதியாகவோ மத்ரஸாவில் சம்பளம் வாங்கும் ஆசிரியராகவோ அவர்களைப் பார்ப்பது மிக மிக அரிது. அறிவுக்கு அனுமதி இருந்தது, பதவிக்கு இல்லை. இதே கோடு பின்னால் வேறு உருவத்தில் திரும்ப வருவதால்தான் இங்கே அழுத்திச் சொல்கிறேன்.

குடும்ப வட்டத்தை உடைத்து வெளியே போனவர்களும் உண்டு. இன்றைய நைஜீரியாவின் வடக்கில் இருந்த சொகோட்டோ கிலாஃபத்தில் நானா அஸ்மாவு (1793–1864) என்ற கவிஞர் இருந்தார். ஆட்சியை நிறுவிய உஸ்மான் தான் ஃபோதியோவின் மகள். அரபி, ஃபுல்ஃபுல்தே, ஹவுஸா மொழிகளில் எழுதினார். எழுதியதோடு நிற்காமல், கிராமப் பெண்களுக்குப் பாடம் சொல்லப் பெண் ஆசிரியைகளைப் பழக்கி ஊர் ஊராக அனுப்பினார். 'யான் தாரு' என்று அந்த அமைப்புக்குப் பெயர். வெகு தூரக் கிராமத்துப் பெண்ணும் மனப்பாடம் செய்துகொள்ளத் தோதாகப் பாடங்களே பாட்டாக இருந்தன. ஐரோப்பியர் யாரும் வந்து சொல்லிக்கொடுக்காமல் நடந்த காரியம் இது.

சரி, நவீன பள்ளிக்கூடம் எப்படி வந்தது? என் பதிலின் மையம் இங்கேதான் இருக்கிறது.

19-ஆம் நூற்றாண்டின் கடைசியிலிருந்து பெண் பள்ளிகளுக்காகப் போராடியவர்கள் ஏறக்குறைய எல்லா நாடுகளிலும் ஒரே வாதத்தைத்தான் கையில் எடுத்தார்கள்: தாய் படித்தால் பிள்ளை நன்றாக வளரும், படித்த மனைவி இருந்தால் வீடு சிறக்கும், வீடு சிறந்தால் சமுதாயம் உயரும். 1899-ல் பெண் விடுதலை பற்றி எழுதி எகிப்தையே கலக்கிய காசிம் அமீன்கூட, பெண்களுக்குத் தொடக்கக் கல்வியாவது வேண்டும் என்ற அளவில்தான் கேட்டார். ஆணுக்குச் சமமான படிப்பைக் கேட்கவில்லை. எதிர்த்த உலமாக்களை (மார்க்க அறிஞர்களை) மடக்க இது நல்ல வாதம். தாய்மையை யாரும் மறுக்க முடியாது அல்லவா? ஆனால் இந்த வாதத்துக்குள்ளேயே ஒரு விலையும் ஒளிந்திருந்தது. பெண்ணின் படிப்பு பெண்ணுக்காக அல்ல, மற்றவர்களுக்காக என்று எழுதிக்கொடுத்த மாதிரி ஆகிவிட்டது.

பேகம் ரொக்கேயாவின் கதை இதை நன்றாகக் காட்டும். 1880-ல் இன்றைய பங்களாதேஷின் ரங்பூர் பகுதியில் பிறந்தவர். ஜமீன் வீடு, பெண்கள் அரபியும் உருதுவும் படிக்கலாம், வங்காளமும் ஆங்கிலமும் கூடாது. அண்ணன் இரவில் எல்லாரும் தூங்கிய பிறகு ஆங்கிலம் சொல்லிக்கொடுத்தார், அக்கா வங்காளம் சொல்லிக்கொடுத்தார். கணவர் சகாவத் ஹுசைன் இறந்த பிறகு, அவர் பெயரிலேயே 1909-ல் பாகல்பூரில் ஐந்து மாணவிகளோடு பள்ளி தொடங்கினார். சொத்துத் தகராறில் அங்கிருந்து கிளம்ப வேண்டியதாகி, 1911-ல் கல்கத்தாவில் எட்டு மாணவிகளோடு மறுபடி தொடங்கினார். வீடு வீடாகப் போய்ப் பெற்றோரிடம் பேசிப் பிள்ளைகளைச் சேர்த்தார்.

பள்ளி வண்டி பற்றி அவரே எழுதியிருப்பதைப் படித்தால் சிரிப்பும் வரும், வயிற்றெரிச்சலும் வரும். பர்தா கெடாமல் இருக்கப் பள்ளி வாங்கிய பேருந்தைக் காற்றுப் புகாதபடி மூடியிருந்தார்கள். உள்ளே இருந்த சிறுமிகள் வாந்தியெடுத்தார்கள், மயங்கி விழுந்தார்கள். சரி என்று பலகையை எடுத்துவிட்டுத் திரை போட்டால், காற்றில் திரை பறக்கிறது, உள்ளே இருக்கும் பெண்கள் தெரிகிறார்கள் என்று மிரட்டல் கடிதங்கள் வந்தன. ரொக்கேயா ஒரு பக்கம் பர்தா வழக்கத்தின் கொடுமைகளைக் குத்திக் குத்தி எழுதினார். இன்னொரு பக்கம் தானே கடைசிவரை பர்தாவைக் கடைப்பிடித்தார். பள்ளி நடக்க வேண்டுமே! 1932-ல் இறக்கும்வரை இந்த இரட்டை வாழ்க்கையைத்தான் அவர் வாழ்ந்தார். இதைச் சந்தர்ப்பவாதம் என்று சொல்லிவிடுவது சுலபம். எட்டுப் பேரோடு தொடங்கிய அந்தப் பள்ளி இன்றும் கொல்கத்தாவில் நடக்கிறது.

சவூதி அரேபியா இதே பேரத்தை அரசாங்க அளவில் செய்தது. 1960-ல் அரசுப் பெண் பள்ளிகள் தொடங்கின. மதத் தரப்பின் எதிர்ப்பைத் தணிக்க, அந்தப் பள்ளிகளைக் கல்வி அமைச்சகத்திடம் கொடுக்காமல் உலமாக்களின் கையில் இருந்த தனித் துறையிடம் ஒப்படைத்தார்கள். புரைதா நகரில் 1963-ல் பள்ளி திறக்கப் பாதுகாப்புப் படையை அனுப்ப வேண்டியிருந்தது. பெண் கல்வியின் நோக்கம் நல்ல இல்லத்தரசியை, நல்ல மனைவியை, நல்ல தாயை உருவாக்குவது என்று அரசின் கல்விக் கொள்கை வெளிப்படையாகவே எழுதி வைத்தது. அதோடு ஆசிரியர், செவிலியர், மருத்துவர் மாதிரி பெண்ணின் 'இயல்புக்கு ஏற்ற' சில வேலைகள். 2002 மார்ச்சில் மக்காவில் ஒரு பெண் பள்ளி தீப்பிடித்து 15 சிறுமிகள் இறந்த பிறகுதான் அந்தத் தனித் துறை கல்வி அமைச்சகத்துக்குப் போனது.

இங்கே ஒரு சின்ன விலகல். 'மேற்கத்தியர் வந்து திருத்தியிருக்கலாமே' என்று நினைப்பவர்கள் எகிப்தை ஆண்ட பிரிட்டிஷ் அதிகாரி குரோமர் பிரபுவைப் பார்க்க வேண்டும். முகத்திரையைக் காட்டி இஸ்லாத்தைக் குறை சொன்ன அதே மனிதர், எகிப்தில் அரசுப் பள்ளிக் கட்டணத்தை உயர்த்தி, கல்விக்கான செலவை இறுக்கிப் பிடித்தார். ஊர் திரும்பியதும் இங்கிலாந்தில் பெண்களுக்கு ஓட்டுரிமை கூடாது என்று அமைக்கப்பட்ட ஆண்கள் சங்கத்துக்குத் தலைவரானார். எகிப்தியப் பெண்களுக்கான வேலையை ஹுதா ஷஃராவியும் அவருடைய தோழிகளும்தான் 1923-ல் எகிப்தியப் பெண்ணியச் சங்கத்தைத் தொடங்கிச் செய்தார்கள். ஓட்டுரிமை 1956-ல் கிடைத்தது.

ஈரான் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் அங்கே எல்லாக் கணக்கும் தலைகீழாக வருகிறது. 1936-ல் ரெஜா ஷா பெண்கள் முக்காடு போடக் கூடாது என்று ஆணையிட்டார். தெருவில் போலீஸ் பெண்களின் தலைத்துணியைப் பிடுங்கியது. விளைவு? பழமையான குடும்பங்கள் மகள்களை வெளியே அனுப்புவதையே நிறுத்தின. 1979 புரட்சிக்குப் பிறகு ஹிஜாபைக் கட்டாயமாக்கினார்கள். அதே குடும்பங்கள் 'இப்போது பள்ளிக்கூடம் பாதுகாப்பானது' என்று நிம்மதியாக மகள்களைப் படிக்க அனுப்பின. கிராமப்புற எழுத்தறிவு இயக்கமும் சேர்ந்துகொண்டது. 1976-ல் பெண்களில் மூன்றில் ஒருவருக்குத்தான் எழுதப் படிக்கத் தெரியும். முப்பது வருடத்தில் அது 80 சதவீதம் ஆனது. ஒரு பெண்ணுக்குச் சராசரியாக ஆறு பிள்ளைகளுக்கு மேல் என்றிருந்தது இரண்டாகக் குறைந்தது. ஒரு அரசு பெண்ணின் துணியைப் பிடுங்குகிறது, அடுத்த அரசு அதையே போர்த்துகிறது. இரண்டுமே பெண்ணைக் கேட்கவில்லை. ஆனால் இரண்டாவது அரசு தெரியாத்தனமாகப் படித்த பெண்களின் ஒரு தலைமுறையை உருவாக்கிவிட்டது. 2022 செப்டம்பரில் மஹ்ஸா அமினி ஒழுக்கக் காவல் துறையின் பிடியில் இறந்ததும் தெருவுக்கு வந்தவர்கள் அந்தத் தலைமுறையின் மகள்கள்.

இவ்வளவு படித்த ஈரானியப் பெண்களில் சம்பள வேலையில் இருப்பவர்களோ, வேலை தேடுபவர்களோ எவ்வளவு பேர்? ஏறக்குறைய ஏழில் ஒருவர். ஜோர்டானிலும் அதே கதைதான். அங்கே எழுதப் படிக்கத் தெரியாத இளம்பெண்ணைத் தேடித்தான் பிடிக்க வேண்டும். உலக அளவில் பெண்களில் கிட்டத்தட்ட பாதிப் பேர் உழைப்புச் சந்தையில் இருக்கும்போது, மத்திய கிழக்கிலும் வட ஆப்பிரிக்காவிலும் சேர்த்துப் பார்த்தால் ஐந்தில் ஒருவர்கூட எட்டுவதில்லை.

பொருளாதாரக் காரணங்கள் உண்டு, அவற்றை ஒதுக்க முடியாது. ஆசிரியர், எழுத்தர் என்று பெண்கள் விரும்பிப் போன அரசு வேலைகள் சுருங்கிவிட்டன. தனியார் நிறுவனச் சம்பளம் போக்குவரத்துக்கும் குழந்தைக் காப்பகத்துக்குமே சரியாகப் போய்விடும். எண்ணெய் பணம் புழங்கும் நாடுகளில் ஒருவர் சம்பளத்திலேயே குடும்பம் ஓடியது. ஆனால் இவற்றுக்கெல்லாம் அடியில் ஒரு சட்ட ஏற்பாடு இருக்கிறது.

பழைய ஃபிக்ஹு (இஸ்லாமியச் சட்ட) நூல்களில் நிகாஹ் ஓர் ஒப்பந்தம். கணவன் மஹர் என்ற மணக்கொடையை மனைவிக்குக் கொடுக்க வேண்டும். உணவு, உடை, இருப்பிடம் என்று நஃபகா கொடுக்க வேண்டும். மனைவி கீழ்ப்படிய வேண்டும். அவன் செலவழிப்பதாலேயே அவனுக்கு மேலாண்மை என்பது அந்தச் சட்ட அறிஞர்கள் குர்ஆனின் 4:34 வசனத்திலிருந்து எடுத்த தர்க்கம். மனைவி அனுமதியின்றி வெளியே போனால் ஜீவனாம்சம் நின்றுபோகலாம். பத்தாம் நூற்றாண்டு பாக்தாதில் இது எப்படி இருந்ததோ, அது வேறு விஷயம். 20-ஆம் நூற்றாண்டில் பெரும்பாலான முஸ்லிம் நாடுகள் வணிகச் சட்டம், குற்றவியல் சட்டம் எல்லாவற்றையும் ஐரோப்பிய மாதிரியில் மாற்றிக்கொண்டு, குடும்பச் சட்டத்தை மட்டும் 'ஷரீஅத்' என்று தனியாக ஒதுக்கி வைத்தன. அந்த ஒப்பந்தம் அரசாங்கச் சட்டப்பிரிவாக மாறி, நீதிமன்றம் அமல்படுத்தும் பொருளாகிவிட்டது.

ஈரானின் குடிமைச் சட்டம் 1105-ஆம் பிரிவு கணவனைக் குடும்பத் தலைவன் என்கிறது. 1117-ஆம் பிரிவு, குடும்ப நலனுக்கோ தன் அல்லது மனைவியின் கௌரவத்துக்கோ பொருந்தாத வேலையிலிருந்து மனைவியைக் கணவன் தடுக்கலாம் என்கிறது. மணமான பெண் பாஸ்போர்ட் வாங்கக் கணவன் சம்மதம் வேண்டும். 2015-ல் ஈரான் மகளிர் ஃபுட்சால் அணியின் கேப்டனே கணவர் கையெழுத்துப் போடாததால் ஆசியப் போட்டிக்குப் போக முடியவில்லை. ஜோர்டானின் குடும்பச் சட்டத்தில், வேலைக்குப் போகும் மனைவிக்கு நஃபகா உண்டு, கணவன் அந்த வேலைக்குச் சம்மதித்திருந்தால். சவூதியில் 2018-ல் கார் ஓட்ட அனுமதி வந்தது, 2019-ல் 21 வயதான பெண் தானே பாஸ்போர்ட் எடுக்கலாம் என்றானது, வேலைக்குப் போகும் பெண்கள் வேகமாகப் பெருகினார்கள். ஆனால் 2022-ல் எழுத்தில் வந்த குடும்பச் சட்டம் வலி என்ற ஆண் பொறுப்பாளரையும், கீழ்ப்படிதலோடு கட்டிய ஜீவனாம்சத்தையும் அப்படியே வைத்துக்கொண்டது. கார் ஓட்டும் உரிமை கேட்டவர்களில் ஒருவரான லுஜைன் அல்ஹத்லூல் தடை நீங்குவதற்கு ஒரு மாதம் முன்னால் கைதாகி, 2021 பிப்ரவரிவரை சிறையில் இருந்தார். உரிமையை நாங்கள் கொடுத்தோம், நீங்கள் வாங்கவில்லை என்பதுதான் அந்தக் கைதின் பொருள்.

இந்த ஒப்பந்தத்தில் பெண்ணுக்குச் சாதகமான பக்கமும் உண்டு. அவளுடைய சம்பாத்தியமும் சொத்தும் அவளுக்கே; கணவன் தொட முடியாது. இங்கிலாந்தில் மணமான பெண்ணுக்கு இந்த உரிமை முழுமையாக வந்தது 1882-ல்தான். சமைப்பதும் துவைப்பதும் மனைவியின் சட்டக் கடமை அல்ல என்று ஷாஃபிஈ, ஹன்பலி சட்ட மரபுகளின் அறிஞர்கள் பலர் எழுதியிருக்கிறார்கள். எத்தனை மாமியார்களுக்கு இது தெரியும் என்று கேட்காதீர்கள். ஆனால் 'அவன் சொத்து அவனுக்கு, அவள் சொத்து அவளுக்கு' என்பதற்கு ஒரு மறுபக்கம் இருக்கிறது. முப்பது வருடம் வீட்டையும் வயலையும் பார்த்துக்கொண்டவளுக்குத் தலாக் ஆகும்போது கணவன் பெயரில் சேர்ந்த சொத்தில் எதுவும் கிடையாது. இத்தா என்ற காத்திருப்புக் காலத்தின் செலவும் மீதி மஹரும்தான்.

இதற்கு மரபுக்குள்ளேயே விடை தேடியவர்கள் இருக்கிறார்கள். கலீஃபா உமர் காலத்தில் ஹபீபா என்ற பெண் துணி வேலை செய்பவர். கணவர் அதை வைத்து வியாபாரம் செய்து பெரும் பணம் சேர்த்து இறந்துபோனார். வாரிசுகள் பணத்தைப் பிடித்துக்கொண்டபோது, பாதி ஹபீபாவின் உழைப்புக்கு உரியது, மீதியில்தான் வாரிசுரிமை என்று உமர் தீர்ப்பளித்ததாக மாலிகி சட்ட மரபின் நூல்கள் சொல்கின்றன. இதை வைத்து மொராக்கோவின் மலைப்பகுதிகளில் 16-ஆம் நூற்றாண்டிலிருந்தே 'உழைப்புப் பங்கு' வழங்கிய சட்ட அறிஞர்கள் இருந்தார்கள். மலேசியாவிலும் இந்தோனேசியாவிலும் மணவாழ்வில் சேர்ந்த சொத்தைப் பிரிக்கும் வழக்கம் ஊர் மரபிலிருந்து வந்து சட்டமாகவே ஆகிவிட்டது. ஷரீஅத்தில் இடமில்லை என்று ஒரு நாட்டில் சொல்லப்படுவது இன்னொரு நாட்டில் ஷரீஅத் நீதிமன்றத்திலேயே தினசரி நடக்கிறது. "மதமா காரணம்" என்ற கேள்விக்கு இதைவிட நல்ல பதில் எனக்குத் தெரியவில்லை.

ஒப்பந்தம் என்றால் நிபந்தனையும் போடலாமே? போடலாம். எகிப்தின் ஜைனப் அல் கஸாலி 1936-ல் முஸ்லிம் பெண்கள் சங்கம் தொடங்கியவர், முஸ்லிம் சகோதரத்துவ இயக்கத்துக்கு நெருக்கமானவர். பெண்ணின் முதல் கடமை வீடும் கணவனும் என்று ஊருக்கு உபதேசித்தார். தனக்கு மட்டும், இயக்க வேலைக்குக் குறுக்கே வந்ததால் முதல் கணவரிடமிருந்து பிரிந்தார். இரண்டாம் கணவரிடம் என் வேலையைத் தடுக்கக் கூடாது என்று முன்கூட்டியே எழுதி வாங்கிக்கொண்டார். பாகிஸ்தானில் 1961 குடும்பச் சட்டத்தின்படி அச்சிட்ட நிகாஹ் படிவத்தின் 18-ஆம் பத்தி, தலாக் சொல்லும் உரிமையை மனைவிக்குக் கொடுத்திருக்கிறதா என்று கேட்கிறது. நிகாஹ் எழுத வருபவர் பல வீடுகளில் மணப்பெண்ணிடம் கேட்காமலே அந்தப் பத்தியின் மேல் கோடு போட்டுவிடுவார். பெண்கள் அமைப்புகள் இந்தக் கோட்டுக்கு எதிராகவே பல வருடங்களாகப் பிரசாரம் செய்துவருகின்றன.

போராட்டங்கள் எல்லாம் ஒரே பாதையில் போகவில்லை. துருக்கியும் துனிசியாவும் மேலிருந்து சட்டம் போட்டன. துருக்கி 1926-ல் சுவிஸ் சட்டத்தையே எடுத்துக்கொண்டது. துனிசியா 1956-ல் பலதார மணத்தை ஒழித்தபோது, மனைவியரிடையே நீதி செலுத்த உங்களால் முடியாது என்ற குர்ஆன் வசனத்தையே ஆதாரம் காட்டியது. பாகிஸ்தானில் ராணுவ ஆட்சியாளர் ஜியா உல் ஹக் காலத்தில் வழி நேர் எதிர்: இரண்டு பெண்களின் சாட்சி ஓர் ஆணுக்குச் சமம் என்ற மசோதாவை எதிர்த்து 1983 பிப்ரவரி 12 அன்று லாகூரில் பெண்கள் ஊர்வலம் போக, போலீஸ் தடியடி நடத்தியது. பாலியல் வன்முறைக்கு ஆளான பெண்ணையே குற்றவாளியாக்கிய 1979 சட்டத்தைத் திருத்த 2006வரை ஆனது.

மொராக்கோவில் நடந்ததுதான் என் கணக்கில் முக்கியமானது. 2000 மார்ச் 12 அன்று, குடும்பச் சட்டச் சீர்திருத்தத்தை ஆதரித்து ரபாத்தில் ஓர் ஊர்வலம், எதிர்த்துக் காசாபிளாங்காவில் இன்னொன்று. எதிர்ப்பு ஊர்வலம்தான் பெரியது, அதில் பெண்கள் ஏராளம். (பெண்கள் எல்லாரும் ஒரே பக்கம் என்று நினைப்பவர்கள் இந்த நாளை ஒருமுறை நினைத்துக்கொள்வது நல்லது.) ஆனாலும் 2004-ல் வந்த சட்டம் மனைவியின் கீழ்ப்படிதல் கடமையை நீக்கி, குடும்பத்தைக் கணவன் மனைவி இருவரின் பொறுப்பில் வைத்தது. பழைய ஒப்பந்தத்தின் அச்சாணியையே கழற்றியது அது. திருமண வயதை 18 ஆக்கினார்கள். நீதிபதி விலக்கு கொடுக்கலாம் என்று சேர்த்தார்கள். கேட்டவர்களில் பெரும்பாலோருக்கு விலக்கு கிடைத்துக்கொண்டிருக்கிறது. ஒரு கையால் கொடுத்து மறு கையால் வாங்குவது என்பது இதுதான்.

இந்தோனேசியாவின் பாதை பெண் உலமாக்களின் பாதை. மேற்குச் சுமத்ராவின் பாடாங் பஞ்சாங் ஊரில் ரஹ்மா எல் யூனூசிய்யா 1923-லேயே பெண்களுக்கான மார்க்கக் கல்விக்கூடம் தொடங்கினார். 1955-ல் கெய்ரோவின் இஸ்லாமியப் பல்கலைக்கழகமான அல் அஸ்ஹரின் தலைவர் அங்கே வந்து பார்த்து வியந்து போனார். ஆயிரம் வருடப் பழமையுள்ள அல் அஸ்ஹர் அதற்குப் பிறகு, 1960-களில்தான் பெண்களுக்கென்று கல்லூரி திறந்தது. அந்த மரபில் வந்தவர்கள் 2017-ல் சிரெபோனில் பெண் உலமாக்கள் மாநாடு கூட்டி, குழந்தைத் திருமணத்தைத் தடுப்பது மார்க்கக் கடமை என்று தீர்ப்பு அறிவித்தார்கள். 2019-ல் பெண்ணின் திருமண வயது 16-லிருந்து 19 ஆனது. அரசியலமைப்பு நீதிமன்றத் தீர்ப்புக்கும் அதில் பங்கு உண்டு. ஆனால் 1974 திருமணச் சட்டத்தில் கணவன் குடும்பத் தலைவன், மனைவி இல்லத்தரசி என்ற வரி இன்னும் அப்படியேதான் இருக்கிறது.

பங்களாதேஷைச் சொல்லாமல் விட முடியாது. 1994-ல் நாடு முழுவதும் உயர்நிலைப் பள்ளி மாணவிகளுக்கு உதவித்தொகை வந்தது. நிபந்தனைகள் மூன்று: 75 சதவீத வருகை, தேர்வில் குறைந்தபட்ச மதிப்பெண், திருமணம் ஆகாமல் இருப்பது. சேர்க்கையில் பெண்கள் பையன்களை முந்தினார்கள். ஆயத்த ஆடைத் தொழிற்சாலைகள் லட்சக்கணக்கான பெண்களை நகரத்துக்கு இழுத்து வந்தன. எந்த மார்க்க விவாதமும் செய்யாத வேலையைச் சம்பளக் கவர் செய்தது. ஆனாலும் அங்கே ஏறக்குறைய பாதிப் பெண்களுக்கு இன்னும் 18 வயதுக்கு முன்பே கல்யாணம் ஆகிவிடுகிறது. 2017 சட்டமோ 'விசேஷ சூழ்நிலை' என்று ஒரு ஓட்டையை வைத்துத் தைத்திருக்கிறது.

கடைசியாக ஆப்கானிஸ்தான். 2021 செப்டம்பரில் உயர்நிலைப் பள்ளி, 2022 டிசம்பரில் பல்கலைக்கழகம், 2024 டிசம்பரில் செவிலியர், பேறுகாலப் பயிற்சிக் கூடங்கள் என்று தாலிபான் ஆட்சியாளர்கள் பெண்களுக்கு வரிசையாக மூடினார்கள். இதை இஸ்லாத்தின் இயல்பான முடிவு என்று சொல்பவர்களுக்கு: பல்கலைக்கழகத் தடையை ஷரீஅத்துக்கு முரணானது என்று அல் அஸ்ஹரின் தலைமை இமாமே கண்டித்தார். 2025 ஜனவரியில் முஸ்லிம் நாடுகளின் அறிஞர்களும் அமைச்சர்களும் பெண் கல்விக்காக இஸ்லாமாபாத்தில் கூடினார்கள். அழைப்பு போயும் தாலிபான் வரவில்லை. அதே மாதம் தாலிபானின் துணை வெளியுறவு அமைச்சர் ஸ்தானிக்சாய், இந்தத் தடைக்கு எந்த நியாயமும் இல்லை என்று மேடையிலேயே பேசினார். தடை நீங்கவில்லை, அவர்தான் நாட்டை விட்டு வெளியேறியதாகச் செய்தி வந்தது. நூறு வருடமாக எல்லா இடத்திலும் வேலை செய்த 'நல்ல தாய்' வாதம் அங்கே எடுபடவில்லை. பெண் நோயாளியைப் பெண்தான் பார்க்க வேண்டும் என்று சொல்லும் அதே ஆட்சி, பிரசவம் பார்க்கப் படித்துக்கொண்டிருந்த மாணவிகளை வகுப்பிலிருந்து வீட்டுக்கு அனுப்பிவிட்டது.